பிசிறு இல்லாத ஜாக்கெட்

ஊரார் போடப்போகிற துணியை அவர்களுக்கு முன்னால் போட்டுப் பார்த்து, கையைத் தூக்கச் சொன்னால் தூக்கி, மூச்சை விடாதே என்றால் விடாமல் நின்று, அதற்குச் சம்பளமும் வாங்குகிற தொழிலுக்கு எங்கள் திருப்பூரில் 'ஃபிட்டுக்கு நிக்கறது' என்று பெயர். தீபாவளிக்கு முந்தின வாரம் தையல்காரர் முன்னால் அக்குளில் இஞ்ச் டேப்போடு நெளிந்தவர் யாராக இருந்தாலும் நீங்கள் என் இனம். உங்களுக்கு அந்த வேதனை வருஷத்துக்கு ஒரு நாள். எனக்குக் காலையில் கார்டு தேய்த்ததிலிருந்து சாயங்காலம் வரைக்கும்.

மண்ணரையில் ஒரு பனியன் கம்பெனி. பிளஸ் டூ முடித்த கையோடு நான் அங்கே சேர்ந்ததற்குக் காரணம் என் மார்க் இல்லை, என் உயரம். சாம்பிள் ரூமில் துணி மாட்டிப் பார்க்கிற பொம்மை ஒருநாள் இடுப்போடு உடைந்துபோனது. புதுப் பொம்மையின் விலையைக் கேட்ட ஓனர் சித்த நேரம் சுவரைப் பார்த்துவிட்டு, இரண்டாவது மாடியில் செக்கிங்கில் இருக்கிற என் அம்மாவைக் கூப்பிட்டு அனுப்பினார். "ஏனுங், உங்க புள்ள ஊட்டுல சும்மாதானுங்க இருக்குது?" என்றார். அப்படித்தான் நான் பொம்மையானேன்.

இருமல் பத்தல

பொம்மைக்கும் எனக்கும் வித்தியாசம் ஒன்றுதான். அதற்கு வாய் திறக்காது, எனக்கு வாய் மூடாது. அதிலும் சொந்தக் குரலில் பேசுவது குறைவு. கட்டிங் மாஸ்டர் மூக்காலேயே கணக்குச் சொல்வது, வாட்ச்மேன் சம்பந்தியிடம் போனில் பேசும்போது மட்டும் குழைவது, ஜெனரேட்டர் உயிர் வருவதற்கு முன்னால் மூன்று தடவை செத்துப் பிழைப்பது எல்லாம் என் தொண்டையில் உண்டு.

ஓனர் மேஜையில் ஒரு மைக் இருக்கிறது. அதில் பேசினால் மாடியெல்லாம் ஸ்பீக்கரில் கேட்கும். ஓனர் பேங்குக்குப் போயிருந்த ஒரு மத்தியானம் நான் மைக்கை அழுத்தி, அவர் குரலில், "எல்லாருமு வேலைய நிறுத்திப்போட்டு, கீழ போயி டீ குடிச்சுட்டு வாங்கோ. காசு என்ற கணக்கு" என்றேன். இரண்டாவது மாடி மொத்தமும் படியிறங்கியது. பேங்கிலிருந்து திரும்பிய ஓனர் தன் கம்பெனியை டீக்கடையில் பார்த்தார். அவர் கோபப்படவில்லை. ஒரு டீ வாங்கிக் குடித்துவிட்டு எல்லோருடைய காசையும் கொடுத்தார். அதுதான் எனக்கு மேலும் தைரியம் கொடுத்தது.

அதற்கப்புறம் ஸ்பீக்கர் கரகரத்தாலே மாடியில் ஒரே கேள்வி: ஓனரா, அம்முணியா? கண்டுபிடிக்க அவர்களிடம் ஒரு வழி இருந்தது. வருஷக்கணக்காகப் பஞ்சுத் தூசியை மூச்சோடு இழுத்தவர் ஓனர். ஒவ்வொரு வாக்கியத்துக்கு முன்னாலும் இருமுவார். அடிவயிற்றில் புறப்பட்டு, தொண்டையில் திரும்பி, கடைசியில் ஒரு விசிலாக முடிகிற இருமல். எனக்கு அது மட்டும் வரவே இல்லை. இரண்டாம் தடவை நான் மைக்கைப் பிடித்தபோது ஒரு ஆள்கூட எழுந்திருக்கவில்லை. சாயங்காலம் பஸ்ஸில் அம்மா, ஒரு பீஸைச் செக் பண்ணிச் சொல்கிற தோரணையில் சொன்னாள்: "சத்தம் அச்சா அப்பிடியே இருக்குது அம்முணி. இருமல்தான் பத்தல."

லேடீஸ் ஜாக்கெட்

டீ-சர்ட் ஆர்டர் சுருங்கிக்கொண்டே வந்தது. இரண்டாவது மாடியில் பாதி மிஷின்கள் துணி போர்த்தி உட்கார்ந்திருந்தன. ஒருநாள் ஓனர் முழங்கால் வலியோடு மாடியேறி வந்தார். வெளிநாட்டுக் கம்பெனி ஒன்று புதுசாக ஒரு சரக்குக் கேட்கிறது, சாம்பிள் பாஸானால் இந்த மாடி ஓடும், இல்லையென்றால் மாடியைக் குடோனுக்கு வாடகைக்கு விட்டுவிட வேண்டியதுதான் என்றார். எங்கள் வீட்டில் சம்பாதிக்கிற ஆள் இரண்டு பேர். ஒன்று அந்த மாடியில் இருக்கிற அம்மா, இன்னொன்று பொம்மை. பொம்மைச் சம்பளத்தில் வீட்டு வாடகைகூடக் கட்ட முடியாது.

"என்ன சரக்குங்க?" என்று கேட்டார்கள். ஓனர் இருமிவிட்டு, "லேடீஸ் ஜாக்கெட்டுங்க" என்றார். மாடிக்கு உயிர் வந்துவிட்டது. ஜாக்கெட் தைக்கத் தெரியாத பெண் அங்கே யார்? லைனிங் உண்டுங்களா, கொக்கி முன்னாடியா பின்னாடியா, கை நீளமா பஃப்பா, முதுகுல கயிறு வெக்கறதுங்களா என்று நாலா பக்கமும் கேள்வி. ஒரு அக்கா தான் கட்டியிருந்த சேலைக்குத் தைத்த ஜாக்கெட்டையே திரும்பி நின்று மாதிரி காட்டினார்.

அப்போது எங்கள் மெர்ச்சண்டைசர் முத்துக்குமார் அண்ணன் குறுக்கே வந்தார். வெளிநாட்டுக்காரர் கேட்பதை எங்களுக்கும், நாங்கள் மழுப்புவதை வெளிநாட்டுக்காரருக்கும் சொல்கிற உத்தியோகம் அவருக்கு. திருநெல்வேலிக்காரர். "அக்கா, நீங்க நினைக்க ஜாக்கெட்டு இல்ல இது. கோட்டு மாதிரி. மலையேறுதவங்க, கூடாரம் போட்டுத் தங்குதவங்க போடுதது. டவுன் ஜாக்கெட்டுன்னு பேரு" என்றார். திரும்பி நின்ற அக்கா முந்தானையை இழுத்துவிட்டுக்கொண்டார். பிறகு அம்மா கேட்டாள்: "டவுனுக்குப் போட்டுட்டுப் போற ஜாக்கெட்டுக்கு எதுக்குங்க மலை ஏறோணும்?"

கிருத்திகை

பார்சல் வந்தது. அதில் அவர்கள் கம்பெனியின் அசல் ஜாக்கெட் ஒன்று, பெண்கள் அளவு, ஆகாய நீலம். கூடவே அதைப் போல இரண்டு தைத்துப் பார்க்க நைலான் துணியும், இரண்டு பைகளில் வெள்ளையாக ஏதோ ஒன்றும். ஓனர் ஜாக்கெட்டை உள்ளங்கையில் வைத்துப் பார்த்தார். இன்னொரு தடவை பார்த்தார். "எத்தன ஜிஎஸ்எம்முங்க இது? கையில இருக்குதான்னே தெரியிலீங்களே" என்றார். துணியின் கனத்தைத் தவிர வேறு கனம் தெரியாத ஊர் எங்களுடையது. "கனம் துணியில இல்ல சார். உள்ள வாத்து இறகு. அதோட அடிவயித்து மெத்து. அதுக்கு இங்கிலீஷ்ல டவுன்னு பேரு, ஊரு டவுனு இல்ல" என்றார் முத்துக்குமார் அண்ணன்.

வாத்து என்ற வார்த்தை மாடிக்குப் போய்ச் சேர்ந்தபோது அங்கே பாதிப் பேர் கிருத்திகை விரதம். முருகனுக்கு விரதமிருந்துகொண்டு வாத்தைத் தொடலாமா? பீஸ் வேண்டாம் என்று சொல்லவும் முடியாது, மாடியே அதில்தான் நிற்கிறது. அம்மா தலைமையில் ஒரு கூட்டம் கீழே இறங்கி வந்தது. ஓனரும் அன்று விரதம்தான். கண்ணை மூடி யோசித்து, இருமி, தீர்ப்புச் சொன்னார்: "வாத்துதானுங்க கவுச்சி, எறகு கவுச்சி இல்லீங்க. அது எந்திரிச்சு நடந்துச்சுன்னா மட்டும் எனக்குச் சொல்லுங்க."

மோர்க்காரம்மா

முதலில் அசலைப் போட்டுப் பார்த்து, அவர்கள் கேட்டதற்கெல்லாம் பதில் அனுப்ப வேண்டும். மேடேறும்போது வேர்க்கிறதா, கையை உயர்த்தினால் இடுப்பு தெரிகிறதா, தலைமூடி கண்ணை மறைக்கிறதா. மேடு வேண்டுமே. முத்துக்குமார் அண்ணன் என்னைச் சென்னிமலைப் படிக்குக் கூட்டிப்போனார். மாசம் சித்திரை. கழுத்துவரைக்கும் ஜிப் போட்டு, தலைமூடியையும் மாட்டிக்கொண்டு ஏறினேன். மேடேறும்போது வேர்க்கிறதா என்பதற்கு எனக்கு முதல் படியிலேயே பதில் கிடைத்துவிட்டது. அண்ணன் விடவில்லை. "உச்சி வரைக்கும் போனாத்தான் அது ரிப்போர்ட்டு" என்றார், குடையைப் பிடித்துக்கொண்டு.

பாதிப் படியில் மோர் விற்கிற அம்மா என்னை நிறுத்தினார். "என்ன வேண்டுதல் அம்முணி இது?" என்றார். "எங்கம்மா வேல பாக்கற மாடி ஓடோணும்ங்க" என்றேன். பொய் இல்லையே. "இப்பிடிப் போத்திட்டு ஏறோணும்னு ஆரு சொன்னாங்க? கனவுல முருகன் வந்தாரா?" "இல்லீங்க, மெர்ச்சண்டைசர் சொன்னாருங்க." அந்தம்மா குடைக்குள் நின்றவரை ஏற இறங்கப் பார்த்தார். என்னிடம் காசு வாங்கவில்லை. டம்ளரை நீட்டிச் சொன்னார்: "இன்னொண்ணும் குடி கண்ணு. குண்டம் எறங்கறவங்க கூட நெருப்பக் காலுக்குக் கீழதான் வெச்சுக்கறாங்க, நீ உள்ள போட்டு ஜிப்பு மாட்டியிருக்கறே."

குளிர்ச் சோதனை

அடுத்த கேள்வி இன்னும் மோசம்: குளிரில் சும்மா உட்கார்ந்திருக்கும்போது உடம்பு கதகதப்பாக இருக்கிறதா? திருப்பூரில் குளிருக்கு எங்கே போவது? ஓனரின் மச்சானுக்கு வெள்ளகோவில் பக்கம் ஐஸ் கம்பெனி இருக்கிறது. பாளம் பாளமாக ஐஸ் அடுக்கிய ரூமில் ஒரு ஸ்டூல் போட்டு என்னை உட்கார வைத்தார்கள்.

உள்ளதைச் சொல்கிறேன், அது நல்ல ஜாக்கெட். கழுத்திலிருந்து இடுப்புவரை நான் அடைகாக்கிற கோழி. பாக்கெட்டில் கையை விட்டால் யாரோ கையைப் பிடித்துக்கொண்ட மாதிரி இருந்தது. இடுப்புக்குக் கீழேதான் சுடிதார் பேண்ட்டும் ரப்பர் செருப்பும். கால் விரல் பத்தும் என்னை விட்டுப் பிரிந்துபோய்விட்டன. 'மேலே கதகதப்பு, கீழே நான் இல்லை' என்று ரிப்போர்ட்டுக்கு மனசுக்குள் வாசகம் தயாரித்துக்கொண்டிருந்தேன். அங்கே பாளம் தூக்குகிற அண்ணன் கைவைத்த பனியனோடு வந்து போய்க்கொண்டிருந்தார். நாலாவது தடவை நின்று, "எதுக்குக் கண்ணு உக்காந்திருக்கறே?" என்று கேட்டார். பல் தந்தியடித்ததில் "கு-குளுருதான்னு பாக்கறதுக்குங்க" என்றுதான் வந்தது. அவர் வெளியே போய்த் தன் முதலாளிக்குப் போன் போட்டது எனக்கு நன்றாகவே கேட்டது: "அண்ணா, நம்ம ஐஸு குளுருதான்னு பாக்கத் திருப்பூர்ல இருந்து ஒரு புள்ளைய அனுப்பியிருக்காங்க. குளுருதுன்னு சொல்லீருச்சு. இனி விக்கலாங்களா?"

அடக்கம்

அசல் ஜாக்கெட்டுக்கு ஒரு வித்தை உண்டு. மொத்தத்தையும் சுருட்டி அதன் சொந்தப் பாக்கெட்டுக்குள்ளேயே திணித்து ஜிப் போட்டால் ஒரு தேங்காய் அளவுக்கு அடங்கிவிடும். கூடாரத்தில் தலையணையாகவும் ஆகுமாம். எங்கள் ஆட்களுக்குத் துணி என்றால் அட்டை வைத்து மடித்துத்தான் பழக்கம். பேக்கிங்கில் இரண்டு பேர் அட்டை வைத்தார்கள். அது அட்டையைத் தள்ளிவிட்டு எழுந்து உட்கார்ந்தது. இடது கையைத் திணித்தால் வலது கை வெளியே வந்தது. கடைசியில் முத்துக்குமார் அண்ணன் அதன் மேலேயே ஏறி உட்கார்ந்தார். நான் ஜிப்பை இழுத்தேன். அடங்கியது. அண்ணன் மட்டும் எழுந்திருக்கவில்லை. "என்னண்ணா?" என்றேன். "அது அடங்கிட்டு பிள்ள. எனக்கு இடுப்பு பிடிச்சிட்டு, யாரையாவது கூப்பிடு."

வீக்கம்

ரிப்போர்ட் போனது. இனி நம் சாம்பிள். ஃபேனை எல்லாம் நிறுத்தி, மூச்சைப் பிடித்துக்கொண்டு, ஒரு பை இறகைக் கட்டம் கட்டமாக அடைத்து சாம்பிள் டெய்லர் முதல் ஜாக்கெட்டைத் தைத்து முடித்தார். பொசுபொசுவென்று, அசலின் தங்கச்சி மாதிரி இருந்தது. மேஜையில் வைத்துவிட்டு எல்லோரும் சாப்பிடப் போனோம்.

எங்கள் ஊரில் எந்தப் பீஸும் அயர்ன் பண்ணாமல் வாசல் தாண்டாது. அயர்ன் மாஸ்டர் தீபக் பீகாரிலிருந்து வந்தவர். தமிழை இங்கேயே கற்றுக்கொண்டதால் இந்தி மூச்சில் கொங்கு மரியாதை பேசுவார். அவரிடம் யாரும் எதுவும் சொல்லவில்லை. ஏன் சொல்லவேண்டும்? தண்ணீரிடம் போய் மேட்டில் ஏறாதே என்றா சொல்கிறோம்? நாங்கள் கை கழுவிவிட்டு வருவதற்குள் ஆவி அடித்து, அழுத்தி, திருப்பிப் போட்டு அழுத்தி, ஜாக்கெட்டை அப்பளமாக்கி வைத்திருந்தார். நைலான் பளபளவென்று ஒட்டிப்போயிருந்தது. கட்டத்துக்குள் இறகு கட்டி தட்டிப் புளியங்கொட்டை மாதிரி உருண்டது. ஓனர் அதைத் தடவித் தடவிப் பார்த்தார்; இருமல்கூட வரவில்லை. தீபக் வேர்வையைத் துடைத்துக்கொண்டு, பாராட்டுக்குக் காத்திருந்த முகத்தோடு சொன்னார்: "ரொம்ப வீங்கி இருந்துச்சுங்க. எல்லாம் எறக்கிட்டேன்ங்க. இப்போ நல்ல பனியன்ங்க."

பிசிறு

மிச்சம் ஒரே ஒரு பை. இரண்டாவது ஜாக்கெட் தைத்த அன்று தீபக்குக்கு லீவு கொடுத்து சினிமாவுக்கு அனுப்பினார்கள். அயர்ன் பாக்ஸின் வயரைப் பிடுங்கி ஓனர் தன் மேஜை டிராயரில் பூட்டினார். நான் போட்டுப் பார்த்தேன். கையைத் தூக்கினேன், குனிந்தேன், உட்கார்ந்தேன். எங்கேயும் இழுக்கவில்லை. ஜிப் தாடையைக் கடிக்கவில்லை, அசல்கூடக் கடிக்கும். முத்துக்குமார் அண்ணன் முகத்தில் நான் அதுவரை பார்க்காத ஒன்று வந்தது, சிரிப்பாக இருக்கலாம். சாயங்காலம் வெளிநாட்டு அம்மாவோடு வீடியோ கால். நான் போட்டுக் காட்ட வேண்டும். அவர் தலையாட்டினால் மாடி ஓடும்.

கால் வருவதற்கு முன்னால் செய்யவேண்டிய ஒன்றே ஒன்றை, எந்தப் பீஸுக்கும் செய்கிறதை, அண்ணன் செய்தார். ஜாக்கெட்டை மாடிக்கு எடுத்துப்போய் அம்மா மேஜையில் வைத்து, எப்போதும் சொல்கிறதையே சொன்னார். "ஃபைனல் பீஸுக்கா. ஒரு பிசிறு தெரியப்பிடாது, பாத்துக்கிடுங்க."

பிசிறு என்றால் தையலில் நீட்டிக்கொண்டிருக்கிற நூல் துணுக்கு. அதை வெட்டியும் பிடுங்கியும் எடுப்பதுதான் அம்மாவின் வேலை. அவள் மேஜையைத் தாண்டி ஒரு பிசிறு போனதாகச் சரித்திரம் இல்லை. அன்று அவள் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு பார்த்தாள். தையல் ஓரத்தில் வெள்ளையாக ஒரு முனை. பிடுங்கினாள். அது வந்தது, பின்னாலேயே அதன் தம்பி எட்டிப் பார்த்தான். அவனையும் பிடுங்கினாள். வெளியே வருகிற இறகை எதிர்ப்பக்கமிருந்து பிடித்து உள்ளே இழுத்துக்கொள்ள வேண்டும் என்று எங்களுக்கு யார் சொன்னார்கள்? இழுக்க இழுக்க ஊசித் துளைகள் வாய் திறந்தன. அம்மா பக்கத்து மேஜைக்காரர்களையும் கூப்பிட்டாள். மாடியின் சோறு அந்தப் பீஸில் இருக்கிறது, சும்மா விடுவார்களா? ஆளுக்கொரு கை, ஆளுக்கொரு பாக்கெட் என்று உட்கார்ந்துவிட்டார்கள். காங்கேயத்திலிருந்து வருகிற அக்கா ஒரு யோசனை சொன்னாராம்: "ஒவ்வொண்ணா இழுத்தா எப்பத் தீரும்? அடியில புடிச்சு அப்பிடியே கறந்துடலாமுங்க, அப்பறம் வராது." மாடு வைத்திருக்கிறவர் சொன்னால் சரியாகத்தான் இருக்கும். கறந்தார்கள்.

கீழே நான் ஓனர் மேஜைக்குப் பக்கத்தில் வீடியோ காலுக்குத் தலை வாரிக்கொண்டிருந்தேன். மாடிப்படி வளைவில் ஒரு வெள்ளைத் துணுக்கு மெதுவாக இறங்கி வந்தது. எங்கள் கம்பெனியில் பஞ்சு பறப்பது அதிசயமில்லை. ஆனால் பஞ்சு நேராகக் கீழே வரும். இது யோசித்து யோசித்து வந்தது. இன்னொன்று வந்தது. பிறகு ஒரு கூட்டமாக. ஓனருக்கு என்னைவிட ஒரு நொடி முன்னால் புரிந்தது. முழங்கால் வலியோடு அவர் எப்போது மாடியேறுவது? மைக்கைப் பிடித்தார். வாழ்க்கையிலேயே முதல் தடவையாக இருமாமல் பேசினார். "செக்கிங்ல ஆருங்க எறகு புடுங்கறது? நிறுத்துங்க. அது பிசிறு இல்லீங்க. கைய எடுங்க."

மேலே ஒரே சிரிப்பு. அந்தச் சத்தத்துக்கு நடுவே அம்மா குரல் தெளிவாகக் கேட்டது: "நல்லாத்தான் பண்றே, போ. இருமல் பத்தல." நான் படியில் பாய்ந்தேன். ஓனர் கீழே கெஞ்ச ஆரம்பித்திருந்தார். "சாமிகளா, உங்க காலுல உழுகறேன், கைய எடுங்க." மாடி இன்னும் சிரித்தது, நான் கெஞ்சுகிற ஓனரை அதுவரை செய்து காட்டியதில்லை, புதுசாக இருந்திருக்கும். கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே போய் நின்றேன். முடியெல்லாம் இறகோடு எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். நான் வாயை மூடிக்கொண்டு நிற்கிறேன். ஸ்பீக்கரில் ஓனர் குரல் பேசிக்கொண்டே இருக்கிறது. சிரிப்பு ஒவ்வொரு மேஜையாக அணைந்தது. அம்மா கையில் பிடித்த கடைசி இறகோடு கேட்டாள்: "அப்ப அதுல பேசறது ஆரு கண்ணு?"

வீடியோ கால்

பொறுக்கிப் பார்த்தோம். யாரோ ஃபேனை நிறுத்தப் போய், பதற்றத்தில் எல்லா ஃபேனையும் போட்டுவிட்டார்கள். ஃபேன் நின்றபோது தரையெல்லாம் வெள்ளை. பனியன் கம்பெனித் தரையில் எது வாத்து, எது பருத்தி என்று யார் சொல்வது? கூட்டி அள்ளியதை ஓனர் முகர்ந்து பார்த்துவிட்டுக் கீழே போட்டார். கால் வந்துவிட்டது. ஜாக்கெட்டை அப்படியே மாட்டிக்கொண்டு போய் நின்றேன். காற்றில்லாத பலூனைப் போட்டுக்கொண்ட மாதிரி உடம்போடு ஒட்டித் தொங்கியது. முத்துக்குமார் அண்ணன் கண்ணை மூடிக்கொண்டார்.

வெளிநாட்டு அம்மா நல்ல மாதிரி. திரும்பச் சொன்னார், திரும்பினேன். கையைத் தூக்கச் சொன்னார், தூக்கினேன். அம்மா செய்த வேலை அது. மருந்துக்கும் ஒரு நூல் நீட்டவில்லை. காமிராவுக்குப் பக்கத்தில் வரச் சொல்லித் தையலை வரிசை வரிசையாகப் பார்த்தார். அவர் இங்கிலீஷில் சொன்னதை அண்ணன் எங்களுக்குத் தமிழில் சொன்னார், கண்ணைத் திறக்காமலே: "இவ்வளவு சுத்தமான வேலைய அவங்க எங்கயும் பாத்ததில்லையாம். இறகு எப்ப நிரப்புவீங்கன்னு கேக்குதாங்க."

ஓனருக்காக

ஆர்டர் வேறு ஊருக்குப் போனது. குடோன்காரர் வந்து மாடியை நீள அகலமாகப் பார்த்துவிட்டுப் போனார். ஒரு சனிக்கிழமை மத்தியானம் ஓனர் மைக்கை எடுத்தார், வைத்தார். மறுபடி எடுத்தார், வைத்தார். பிறகு நாற்காலியை விட்டு எழுந்து, "அம்முணி, நீ வந்து உக்காரு. என்ற சத்தத்துல நீயே சொல்லீரு. எனக்கு வாய் வரல" என்றார். என்னைப் பார்க்காமல் வாசல் பக்கம் போய் நின்றுகொண்டார்.

ஊரில் எத்தனையோ குரல் எடுத்திருக்கிறேன்; யாரும் கேட்டு எடுத்ததில்லை. மைக்கை அழுத்தினேன். "எல்லாருமு ஒரு நிமிசம் கேளுங்கோ" என்று ஆரம்பிப்பதற்குள் எனக்கு இருமல் வந்துவிட்டது. அடிவயிற்றிலிருந்து கிளம்பி, தொண்டையில் திரும்பி, ஒரு விசிலாக வெளியே வந்தது. அதற்கப்புறம் மாடியில் மிஷின் ஒவ்வொன்றாக நின்றது. திங்கட்கிழமையிலிருந்து வரவேண்டாம் என்பதை அவர் சொல்கிற மரியாதையோடே சொல்லி முடித்தேன். சாயங்காலம் பஸ்ஸில் அம்மா பக்கத்தில் உட்கார இடம் இருந்தது. அவள் சோத்துப் பையை மடியில் வைத்துக்கொண்டாள். இறங்குகிற ஸ்டாப் வந்ததும் எழுந்து, கம்பியைப் பிடித்துக்கொண்டு சொன்னாள்: "இன்னிக்கு இருமல் சரியா வந்துச்சு."

டவுன் ஜாக்கெட்

அம்மாவுக்கு இப்போது டவுன் பக்கம் ஒரு கம்பெனியில் பீஸ் ரேட். இருக்கிற நாளைக்கு வேலை, இல்லாத நாளைக்கு ஊடு. அவள் இறகு பிடுங்கிய அந்த ஜாக்கெட்டை ஓனர் அவளிடமே கொடுத்துவிட்டார். முதல் நாள் காலையில் தூறல். அவள் அதை எடுத்து மாட்டினாள், ஜிப் போட்டாள், கையைத் தூக்கிப் பார்த்தாள். கனமில்லை, வேர்வையில்லை, தூறல் ஒட்டாமல் உருண்டு ஓடியது. ஃபிட்டுக்கு நிற்கிறவள் என்ற முறையில் நான் சுற்றி வந்து பார்த்தேன்; ஒரு குறை சொல்ல முடியவில்லை. அம்மா சோத்துப் பையை எடுத்துக்கொண்டு வாசலில் நின்று சொன்னாள்: "இப்பத்தான் இது டவுனுக்குப் போட்டுட்டுப் போற மாதிரி இருக்குது."

வாத்தைச் சுத்தம் பண்ணுகிறோம் என்று உட்கார்ந்து, ஒரு பிசிறு மிச்சமில்லாமல் ஒரு மாடியையே சுத்தம் பண்ணிவிட்டு எழுந்தவர்கள், என் அனுபவத்தில், நாங்கள் மட்டும்தான்.